மாலைக்குள் கூலி: கல்லூரி ஆசிரியரின் நிலுவைச் சம்பளமும் நீதிமன்றப் படிகளும்



தவக்காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமை. சிலுவைப்பாதை முடிந்து மக்கள் கலைந்த பிறகு, நம் பங்கு அலுவலகத்திற்கு ஒரு சகோதரர் வந்தார். ஞாயிறு இரண்டாம் திருப்பலியில் வாசகம் வாசிப்பவர். தனியார் பொறியியல் கல்லூரி ஒன்றில் 11 ஆண்டுகளாகக் கணிதம் கற்பிப்பவர். கையில் ஒரு விண்ணப்பம் இருந்தது. நம் பங்குப் பள்ளியில் ஏழாம் வகுப்பு படிக்கும் தம் மகளுக்குக் கட்டணச் சலுகை வேண்டும் என்று எழுதியிருந்தார்.

"ஏழு மாசமாச் சம்பளம் வரலை ஃபாதர். பொங்கலுக்கு ஒரு மாசத்துது குடுத்தாங்க. அதுவும் பாதிதான்" என்றார்.

விண்ணப்பத்தில் கையொப்பமிட்டோம். அவர் எழுந்து போகவில்லை. சற்று நேரம் கழித்து இரண்டு கேள்விகள் கேட்டார். "கேஸ் போட்டா ஜெயிக்குமா ஃபாதர்? போட்டா, அப்புறம் வேற காலேஜ்ல நம்மள எடுப்பாங்களா?"

இரண்டாம் கேள்விக்கு நம்மிடம் பதில் இல்லை. முதல் கேள்விக்கு விசாரித்துச் சொல்வதாக வாக்களித்தோம். நம் பங்கிலுள்ள வழக்கறிஞர்கள் சிலரிடம் கேட்டோம். அவர்கள் சொன்ன தீர்ப்புகளையும் வாங்கிப் படித்தோம். இவரைப் போன்றவர்கள் ஒவ்வொரு பங்கிலும் இருக்கிறார்கள். கல்லூரி நிர்வாகக் குழுக்களில் இருப்பவர்களும் இதே பங்குகளில்தான் இருக்கிறார்கள். ஆகவே அறிந்துகொண்டவற்றை இருசாராரோடும் பகிர்ந்துகொள்கிறோம்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக் கொள்வோம். வெளியில் இருந்து பார்க்கும் நமக்கு எல்லாரும் "காலேஜ் புரொபசர்" தான். சட்டத்தின் பார்வையிலோ இவர்கள் ஒரே இனத்தவர் அல்லர். அரசுக் கல்லூரியில் நிரந்தரப் பணியில் இருப்பவர், அதே கல்லூரியில் கௌரவ விரிவுரையாளராக இருப்பவர், அரசு உதவி பெறும் கல்லூரியில் அங்கீகரிக்கப்பட்ட பணியிடத்தில் இருப்பவர், அதே கல்லூரியின் சுயநிதிப் பிரிவில் மாலை நேரத்தில் வகுப்பெடுப்பவர், முழுவதும் சுயநிதிக் கல்லூரியில் இருப்பவர் என்று பல தரத்தினர். ஒரே பட்டம், ஒரே பாடத்திட்டம், சில இடங்களில் ஒரே வகுப்பறை. ஆனால் சம்பளம் வேறு. சம்பளம் வராவிட்டால் தட்ட வேண்டிய கதவும் வேறு.

அரசு உதவி பெறும் கல்லூரிகளின் நிலை இன்று பெரும்பாலும் பாதுகாப்பானது. அது தானாக வந்த பாதுகாப்பு அன்று. தனியார் நிர்வாகமே சம்பளம் கொடுத்த காலத்தில், ஒரு தொகைக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு வேறொரு தொகையை வாங்கிச் சென்ற கதைகளை மூத்த பேராசிரியர்கள் இன்றும் சொல்வார்கள். அண்டை மாநிலமான கேரளத்தில் 1972-இல் அரசுக்கும் தனியார் நிர்வாகங்களுக்கும் இடையே நேரடி ஊதிய ஒப்பந்தம் ஏற்பட்டது. அங்கே அந்த நிர்வாகங்களில் கணிசமானவை நம் திருச்சபையைச் சார்ந்தவை என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை. தமிழகத்தில் மூட்டா, ஏ.யு.டி. போன்ற ஆசிரியர் சங்கங்கள் நீண்ட காலம் போராடின. 1976-இல் தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் வந்தது. இன்று உதவி பெறும் ஆசிரியரின் சம்பளம் அரசுப் பணத்திலிருந்து வருகிறது. தாளாளரின் மனநிலையைப் பொறுத்து வருவதில்லை.

இங்கும் வழக்குகள் இல்லாமல் இல்லை. ஒருவர் ஓய்வுபெற, அந்த இடத்தில் நிர்வாகம் புதியவரை நியமிக்கிறது. அவருடைய கல்வித் தகுதியைப் பல்கலைக்கழகம் ஏற்க வேண்டும். கல்லூரிக் கல்வித் துறை நியமனத்திற்கு ஒப்புதல் தர வேண்டும். அந்தக் கோப்பு எங்கேயாவது நின்றுவிட்டால் அரசுச் சம்பளம் வராது. தேர்வுக் குழு சரியாக அமைக்கப்படவில்லை, முன்னனுமதி பெறவில்லை என்று ஏதாவது ஒரு காரணம் எழுதப்பட்டிருக்கும். சிறுபான்மை நிறுவனத்துக்கு அந்த விதி பொருந்துமா என்பது நிர்வாகத்துக்கும் அரசுக்கும் இடையிலான பெரிய சட்டப் பிரச்சினை. அதற்கான விலையைக் கொடுப்பவரோ, இரண்டுக்கும் சம்பந்தமில்லாத ஓர் இளம் ஆசிரியர். நிர்வாகம் தரும் சொற்பத் தொகையில் ஆண்டுக்கணக்கில் வகுப்பெடுத்துக் கொண்டிருப்பார். யானைகள் மோதும்போது மிதிபடுவது புல்தானே!

அரசின் கையில் இருந்தாலே சம்பளம் நிச்சயம் என்றும் சொல்லிவிட முடியாது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் அண்மை ஆண்டுகளில் சம்பளமும் ஓய்வூதியமும் மாதக்கணக்கில் தாமதமாகி, பேராசிரியர்கள் வளாகத்தில் அமர்ந்து போராடியதை நாளிதழ்களில் படித்தோம். 2024-இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் வங்கிக் கணக்குகளை வருமான வரித் துறை முடக்கியது. 2020-இல் கொரோனாவைக் காரணம் காட்டி ஆந்திர அரசு ஊழியர்களின் சம்பளத்திலும் ஓய்வூதியத்திலும் ஒரு பகுதியை ஒத்திவைத்தபோது, வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. செய்த வேலைக்கான சம்பளம் பணியாளரின் உரிமை என்று சொல்லி, தாமதத்துக்கு 6 சதவீத வட்டியும் தரச் சொன்னது நீதிமன்றம் (2021). அரசாங்கமே வட்டி கட்ட வேண்டியிருந்தது என்பதை நிர்வாகிகள் நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

கௌரவ விரிவுரையாளர்களைப் பற்றித் தனியாக ஒரு கட்டுரையே எழுதலாம். பெயரில் மட்டும் கௌரவம் மிகுதி. பல்கலைக்கழக மானியக் குழு 2019-இல், இத்தகையோருக்கு ஒரு வகுப்புக்கு ரூ.1,500 வீதம், மாதத்திற்கு அதிகபட்சம் ரூ.50,000 வரை தரலாம் என்றது. நிரந்தர உதவிப் பேராசிரியர் பணியில் சேரும் நாளிலேயே அவருடைய அடிப்படைச் சம்பளம் ரூ.57,700. தமிழகத்தில் அரசுக் கல்லூரிக் கௌரவ விரிவுரையாளரின் மாதத் தொகை 2023-இல்தான் ரூ.25,000 ஆனது. குஜராத்தில் ரூ.30,000-க்கு ஒப்பந்தத்தில் வேலை செய்த உதவிப் பேராசிரியர்கள் உச்ச நீதிமன்றம் சென்றார்கள். 2025 ஆகஸ்டில் வந்த தீர்ப்பு, உதவிப் பேராசிரியருக்குரிய குறைந்தபட்ச ஊதியத்தை அவர்களுக்குத் தரச் சொன்னது. வழக்குத் தொடுத்த நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டு நிலுவையையும் 8 சதவீத வட்டியோடு தரச் சொன்னது. குருவைத் தெய்வம் என்று மேடையில் போற்றிவிட்டுச் சம்பளத்தில் இழிவுபடுத்துவது தகாது என்ற பொருளில் நீதிபதிகள் அதில் எழுதியிருக்கிறார்கள்.

இனி நம் வாசகச் சகோதரரின் நிலைக்கு வருவோம். அவர் சுயநிதிக் கல்லூரியில் இருப்பவர். அவருக்குரிய கதவு எது?

தொழிற்சாலைத் தொழிலாளிக்குச் சம்பளம் தராவிட்டால் தொழிலாளர் நீதிமன்றம் இருக்கிறது. ஆசிரியருக்கும் அது உண்டா? இந்தக் கேள்வி உச்ச நீதிமன்றத்துக்குப் போனது நம்மைச் சார்ந்த ஒரு நிறுவனத்திலிருந்துதான். கோவாவில் பிரான்சிஸ்கன் சகோதரிகள் நடத்திய பள்ளியில் பணியாற்றிய ஓர் ஆசிரியை 1975-இல் வேலைநீக்கம் செய்யப்பட்டார். 1988-இல் தீர்ப்பு வந்தது. பள்ளி ஒரு "தொழில்" தான். ஆனால் ஆசிரியர் "தொழிலாளர்" அல்லர் என்றது நீதிமன்றம். கற்பித்தல் உன்னதமான பணி, அதை எழுத்தர் வேலையோடும் உடலுழைப்போடும் சேர்க்க முடியாது என்பது காரணம். படிக்கும்போது பெருமையாக இருக்கிறது அல்லவா? அந்தப் பெருமையின் பலன், ஆசிரியை தோற்றார். அதே கல்லூரியின் அலுவலக உதவியாளருக்குத் திறக்கும் கதவு முனைவர் பட்டம் பெற்றவருக்குத் திறக்காது என்ற நிலை வந்தது. நீதிபதிகளுக்கும் மனம் உறுத்தியிருக்க வேண்டும். சில நிர்வாகங்கள் ஆசிரியர்களைச் சுரண்டுவதை அறிவோம் என்றும், அவர்களுக்கு உரியது கிடைக்கத் தகுந்த ஏற்பாடு தேவை என்றும் அதே தீர்ப்பில் எழுதினார்கள்.

பணிக்கொடையிலும் இதே கதை நடந்தது. 2004-இல், பணிக்கொடைச் சட்டம் சொல்லும் "ஊழியர்" என்ற சொல்லுக்குள் ஆசிரியர் வரமாட்டார் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. நாடாளுமன்றம் 2009-இல் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதல் அது செல்லும் என்று ஆக்கியது. தனியார் பள்ளிகள் விடவில்லை. பழைய ஆண்டுகளுக்கெல்லாம் எங்கிருந்து பணம் தருவது என்று வழக்குப் போட்டன. 2022 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அவர்களுடைய மனுக்களைத் தள்ளுபடி செய்தது. 1997-க்கும் 2022-க்கும் இடையே எத்தனை ஆசிரியர்கள் ஓய்வுபெற்று, எத்தனை பேர் கல்லறைத் தோட்டத்துக்குப் போய்ச் சேர்ந்திருப்பார்கள் என்று நாம் நினைத்துப் பார்த்ததுண்டு. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ள சமூகப் பாதுகாப்புச் சட்டத்தொகுப்பிலும் பணிக்கொடை தொடர்கிறது. அதே நாளில் நடைமுறைக்கு வந்த ஊதியச் சட்டத்தொகுப்பு, மாதச் சம்பளத்தை அடுத்த மாதம் 7-ஆம் நாளுக்குள் கொடுக்கச் சொல்கிறது. வேலையை விட்டவருக்கு இரண்டு வேலை நாட்களுக்குள் கணக்குத் தீர்க்கச் சொல்கிறது. இதுவும் ஆசிரியருக்குப் பொருந்தாது என்று நாளை ஒரு நிர்வாகம் வாதிடக்கூடும். அந்த வாதம் நமக்குப் புதிதா என்ன?

அடுத்த கதவு உயர் நீதிமன்றம். ரிட் மனு என்று சொல்கிறோமே, அந்த நீதிப்பேராணை மனு. அரசுக்கு எதிராக மட்டும்தான் அதைப் போடலாம் என்பது பொதுவான எண்ணம். 1997-இல் ஆந்திரத்திலுள்ள ஒரு தனியார் பொறியியல் கல்லூரியின் ஆய்வக உதவியாளர்கள், அரசு ஊழியருக்கு இணையான சம்பளம் கேட்டு வந்தபோது, கல்வி புகட்டுவதில் பொதுநலன் இருப்பதால் அவர்கள் ரிட் மனு போடலாம் என்றது உச்ச நீதிமன்றம். இதைப் பிடித்துக்கொண்டு பலர் நிவாரணம் பெற்றார்கள். ஆனால் 2022-இல் மத்தியப் பிரதேசத்தில் கிறிஸ்தவச் சிறுபான்மை நிறுவனமான புனித மரியா கல்விச் சங்கம் தொடர்ந்த மேல்முறையீட்டில் வேறு விதமாகத் தீர்ப்பு வந்தது. உதவி பெறாத தனியார் நிறுவனம் பொதுப்பணி செய்தாலும், சட்டவிதிகளால் ஆளப்படாத சாதாரணப் பணி ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் மனு கிடையாது என்றது நீதிமன்றம். தனியார் கல்லூரி ஆசிரியரைப் பொறுத்தவரை தமிழகத்தில் 1976 சட்டம் இருப்பதால், பணிநிபந்தனைகள் வெறும் ஒப்பந்தம் அல்ல, சட்டவிதியால் ஆளப்படுபவை என்று வாதிட இடம் இருக்கிறது. நம் வழக்கறிஞர் நண்பர்கள் அதைத்தான் முதலில் சொன்னார்கள்.

2002-இல் பதினொரு நீதிபதிகள் கொண்ட அமர்வு வழங்கிய டி.எம்.ஏ. பாய் தீர்ப்பைச் சிறுபான்மையினராகிய நாம் அடிக்கடி எடுத்துக்காட்டுகிறோம். நிறுவனத்தை நடத்தும் உரிமையைப் பற்றிய பத்திகள் நம்மில் சிலருக்கு மனப்பாடம். அதே தீர்ப்பில் வேறொன்றும் உண்டு. ஆசிரியர் தம் குறைக்காக உரிமையியல் நீதிமன்றத்துக்கு அலைவது கல்விக்கே நல்லதல்ல. ஆகவே மாவட்டந்தோறும் கல்வித் தீர்ப்பாயம் அமைக்க வேண்டும். அதுவரை மாவட்ட நீதிபதியிடம் மேல்முறையீடு செய்யலாம் என்கிறது அது. இந்தப் பத்தியை யாரும் கருத்தரங்குகளில் வாசித்து நாம் கேட்டதில்லை.

கடைசிக் கதவு எப்போதும் திறந்திருப்பது: உரிமையியல் நீதிமன்றம். பாக்கிப் பணத்துக்கான வழக்கு. நீதிமன்றக் கட்டணம் கட்ட வேண்டும், வாய்தாவுக்கு நடக்க வேண்டும், ஆண்டுகள் ஆகும். ஆனால் இங்கே "நீ தொழிலாளி அல்ல", "நாங்கள் அரசு அல்ல" என்ற பேச்சுக்கு இடமில்லை. வேலை செய்தாரா, சம்பளம் கொடுத்தீர்களா என்பதே கேள்வி.

அன்பார்ந்தவர்களே, இத்தனை தீர்ப்புகளையும் படித்து முடித்தபோது நம்மை மிகவும் உறுத்தியது ஒன்று. பல வழக்குகளில் நிர்வாகம் வென்றது, "நாங்கள் சம்பளம் கொடுத்துவிட்டோம்" என்று நிரூபித்து அல்ல. "இந்த நீதிமன்றத்துக்கு இதை விசாரிக்க அதிகாரம் இல்லை" என்று சொல்லி. வழக்குத் தள்ளுபடியாகிறது, கடன் தள்ளுபடியாவதில்லை. தீர்ப்பின் நகலை வாங்கிக்கொண்டு நிர்வாகம் மகிழ்ச்சியாகத் திரும்பி வருகிறது. கொடுக்க வேண்டிய பணமோ அதே இடத்தில், அதே ஆசிரியரின் பெயரில், கொடுக்கப்படாமல் இருக்கிறது. சட்டப்படி தப்பித்துக்கொண்டது வேறு, கடனைத் தீர்த்தது வேறு. ஒப்புரவு அருட்சாதனத்தில் நம்மிடம் வரும் ஒருவர், "அந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை ஃபாதர்" என்று சொன்னால் நாம் என்ன பதில் சொல்வோம்? திருப்பிக் கொடுக்கச் சொல்லமாட்டோமா?

விவிலியம் இதில் நீதிமன்ற எல்லையைப் பார்ப்பதே இல்லை. இணைச்சட்ட நூல் (24:14-15), கூலியாளின் கூலியைச் சூரியன் மறையுமுன் கொடுக்கச் சொல்கிறது. அவர் அதை நம்பியே உயிர் வாழ்கிறார் என்று காரணமும் காட்டுகிறது. சீராக்கின் ஞானநூல் (34) ஒருபடி மேலே போய், கூலியைப் பறிப்பதை இரத்தம் சிந்துவதோடு ஒப்பிடுகிறது. கொடாத கூலி வயலிலிருந்தே கூக்குரலிடுகிறது என்கிறார் யாக்கோபு (5:4). திராட்சைத் தோட்ட உவமையில் (மத் 20) யாருக்கு எவ்வளவு என்பதில்தான் நமக்கு வியப்பு. ஆனால் மாலையானதும் தோட்டத்து உரிமையாளர் எல்லாரையும் கூப்பிட்டுக் கணக்கை முடித்துவிட்டார் என்பதை நாம் கவனிப்பதில்லை. எந்த வேலையாளும் அங்கே கூலிக்காக மறுநாள் வந்து நிற்கவில்லை.

நம் முன்னோர் 13-ஆம் சிங்கராயர் என்று அழைத்த திருத்தந்தை 13-ஆம் லியோ, 1891 மே 15-இல் 'ரேரும் நொவாரும்' சுற்றுமடலை வெளியிட்டார். அதன் சாரம்: இருவரும் ஒப்புக்கொண்டார்கள் என்பதாலேயே ஒரு சம்பளம் நீதியானதாகிவிடாது, குடும்பத்தைக் காக்கப் போதுமானதாகவும் அது இருக்க வேண்டும். 2025-இல் தேர்ந்தெடுக்கப்பட்ட நம் திருத்தந்தை லியோ என்ற பெயரைத் தெரிந்துகொண்டதற்கு அந்த மடலையும் காரணமாகச் சொன்னார். சமூகப் போதனை என்றதும் நாம் முதலாளிகளை நினைத்துக்கொள்கிறோம். திருச்சபைச் சட்டத்தொகுப்பின் 1286-ஆம் சட்டம் பேசுவது நம்மிடமே. திருச்சபைச் சொத்துகளை நிர்வகிப்போர் நாட்டின் தொழிலாளர் சட்டங்களை நுணுக்கமாகக் கடைப்பிடிக்க வேண்டும், தங்களுக்காக உழைப்போருக்கு நீதியான சம்பளம் கொடுக்க வேண்டும் என்கிறது அது.

சிறுபான்மை உரிமையைப் பற்றியும் ஒரு வார்த்தை. அரசியலமைப்பின் 30-ஆம் பிரிவு நமக்குக் கிடைத்த பெரும் பாதுகாப்பு. அதற்காக நாம் போராடியிருக்கிறோம், இனியும் போராடுவோம். ஆனால் அது சம்பளத்தைக் குறைக்கவோ நிறுத்தவோ தரப்பட்ட உரிமை அல்ல. ஆங்கிலோ இந்தியத் தலைவர் ஃபிராங்க் அந்தோணியின் பெயரைத் தாங்கிய தில்லிப் பள்ளியின் ஆசிரியர்கள் தொடுத்த வழக்கில், உதவி பெறாத சிறுபான்மைப் பள்ளிகளுக்குச் சம்பள விதியிலிருந்து தரப்பட்ட விலக்கு செல்லாது என்று 1986-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆசிரியருக்கு உரிய ஊதியம் கொடுப்பது நிறுவனத்தின் தரத்தை வளர்க்குமே அன்றிச் சிறுபான்மைத் தன்மையை அழிக்காது என்பது அதன் கருத்து. அடுத்த ஆண்டே வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி ஊழியர் சங்கத்தின் வழக்கில், தொழில் தகராறுச் சட்டம் சிறுபான்மை நிறுவனத்துக்கும் பொருந்தும் என்று சொல்லப்பட்டது.

நம் நிறுவனங்களில் வேறொரு சிக்கலும் உண்டு. அருட்தந்தையரும் அருட்சகோதரிகளும் அங்கே பேராசிரியர்களாக இருக்கிறார்கள். அவர்களுடைய சம்பளம் சபைக்குப் போகிறது. அதற்கு வருமான வரி பிடிக்கலாமா என்ற வழக்கு தமிழகத்திலிருந்தும் கேரளத்திலிருந்தும் உச்ச நீதிமன்றம் சென்றது. பிடிக்கலாம் என்று 2024 நவம்பரில் முடிந்தது. ஏழ்மை வார்த்தைப்பாடு கொடுத்த ஒருவருக்கு மாதக் கடைசி என்றால் என்னவென்று தெரியாது. சமையலறையில் உணவு இருக்கும், மருத்துவச் செலவைச் சபை பார்க்கும். அந்த மனநிலையோடு தாளாளர் நாற்காலியில் அமரும்போது, "கொஞ்சம் தியாக உணர்வு வேண்டாமா?" என்று பொதுநிலை ஆசிரியரிடம் கேட்பது எளிதாக வந்துவிடுகிறது. வார்த்தைப்பாடு கொடுத்தது நாம். அவர் கொடுத்தது திருமண வாக்கு. அவருக்கு வீட்டு வாடகை உண்டு.

நிர்வாகங்களின் தரப்பிலும் நியாயம் இல்லாமல் இல்லை. பொறியியல் படிப்புக்கு இடங்கள் நிரம்பாமல் பல கல்லூரிகள் மூடப்பட்டுவிட்டன. அரசு தர வேண்டிய கல்வி உதவித்தொகை பல மாதங்கள் கழித்து வருகிறது. பெற்றோர் கட்டணத்தைத் தவணையாகக் கட்டுகிறார்கள். இவை உண்மை. ஆனால் பணம் குறையும்போது எது முதலில் நிறுத்தப்படுகிறது என்று பாருங்கள். வங்கிக் கடன் தவணை நிற்பதில்லை, மின்கட்டணம் நிற்பதில்லை, சில இடங்களில் புதிய கலையரங்கத்தின் கான்கிரீட் வேலைகூட நிற்பதில்லை. கேட்டால் வேலை போய்விடும் என்று அஞ்சி ஆசிரியர் மட்டும்தான் பேசாமல் இருப்பார் என்பதால் அவருடைய சம்பளம் நிற்கிறது.

இப்போது ஆசிரியர்களுக்குச் சில நடைமுறைச் செய்திகள். சம்பளப் பாக்கிக்கான வழக்கைப் பொதுவாக மூன்று ஆண்டுகளுக்குள் தொடுக்க வேண்டும். ஒவ்வொரு மாதச் சம்பளத்துக்கும் கெடு தனித்தனியாக ஓடுகிறது. "அடுத்த செமஸ்டரில் தருகிறோம்" என்ற வாய்ப்பேச்சு அந்தக் கெடுவை நீட்டாது. நீங்கள் எத்தனை கடிதம் எழுதினாலும் நீளாது. ஆனால் கெடு முடிவதற்குள் நிர்வாகம் தன் கையொப்பத்தோடு பாக்கியை ஒப்புக்கொண்டு எழுதித் தந்தால், அன்றிலிருந்து புதிதாக மூன்று ஆண்டு எண்ணப்படும். ஆகவே எதையும் எழுத்தில் கேளுங்கள். பதிலையும் எழுத்தில் வாங்க முயலுங்கள். நியமன ஆணை, வங்கிக் கணக்கு விவரம், வருங்கால வைப்பு நிதிக் கணக்கு, வகுப்புக் கால அட்டவணை, தேர்வுப் பணி ஆணைகள் ஆகியவற்றின் நகல்கள் வீட்டில் இருக்கட்டும். மூலச் சான்றிதழ்களைக் கல்லூரியில் கொடுத்திருந்தால், கொடுத்ததற்கு அத்தாட்சி வாங்கிக்கொள்ளுங்கள். வருங்கால வைப்பு நிதிக்கு உங்களிடம் பிடித்த பணம் கட்டப்பட்டுள்ளதா என்று அவ்வப்போது பாருங்கள். பிடித்துவிட்டுக் கட்டாமல் இருப்பது தனிக் குற்றம். பெண்களும், பட்டியல் இனத்தவரும், பழங்குடியினரும் தங்கள் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவசச் சட்ட உதவி கேட்கலாம். இது நம் பங்குகளில் பலருக்குத் தெரியவில்லை. ஒருவராகப் போவதைவிட ஐந்து பேராகக் கையெழுத்திட்டுப் போவது நல்லது என்று சொல்லத் தேவையில்லை.

இவற்றையெல்லாம் நம் வாசகச் சகோதரரிடம் சொன்னோம். அவர் வழக்குப் போடவில்லை. இன்னும் நால்வரைச் சேர்த்துக்கொண்டு, எந்தெந்த மாதத்துக்கு எவ்வளவு பாக்கி என்று கணக்கிட்டுக் கல்லூரிச் செயலருக்குப் பதிவுத் தபாலில் கடிதம் அனுப்பினார். ஒரு மாதம் கழித்துப் பதில் வந்தது. தொகையை ஒப்புக்கொண்டு, படிப்படியாகத் தருவதாக இரண்டே வரிகள், கீழே கையெழுத்து, முத்திரை. வழக்கறிஞர் அதைப் பார்த்துவிட்டு, "இந்த ரெண்டு வரி போதும், பத்திரமா வைங்க" என்றாராம். அதன் நகல் ஒன்று நம் அலுவலகத்தில், திருமுழுக்குப் பதிவேடுகள் இருக்கும் அலமாரியில் இருக்கிறது.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். அவர் வந்துபோன மறுநாள், தாளாளர் என்ற முறையில் நம் பங்குப் பள்ளியின் சம்பளப் பதிவேட்டை எடுத்துப் பார்த்தோம். கட்டணம் வசூலானதும் கொடுக்கலாம் என்று நாமே சொல்லி வைத்ததால், தற்காலிக ஆசிரியைகள் நால்வருக்கு மாதச் சம்பளம் 18, 20 தேதிகளில்தான் போயிருந்தது. இரண்டு ஆண்டுகளாக அப்படித்தான். அவர்களில் யாரும் நம்மிடம் வந்து கேட்டதில்லை. அந்த மாதம் முதல் 5-ஆம் தேதிக்குள் போகிறது. அதற்காகக் கெபியின் சுற்றுச்சுவர் வேலையைத் தள்ளி வைத்தோம். அன்பியத்தில் ஓரிருவர் வருத்தப்பட்டார்கள்.

நம் சகோதரருக்கு இதுவரை இரண்டு மாதச் சம்பளம் வந்திருக்கிறது. மீதிக்குக் காத்திருக்கிறார். ஞாயிறுதோறும் வாசகம் வாசிக்கிறார்.